கைதட்டலுக்கு விட்ட இடம்

நிறைந்திருந்த ஒரு சினிமா தியேட்டரில் தனியாளாகக் கைதட்டியவன் நான். நிறைந்திருந்த என்பது கொஞ்சம் மிகை. நடு வரிசைகள்தான் நிறைந்திருந்தன, அதிலும் பாதிப்பேர் நடித்தவர்களின் சொந்தக்காரர்கள். ஆனால் தனியாள் என்பதில் மிகை ஏதுமில்லை. ஒரு தடவை தட்டியிருந்தால் ஏதோ உணர்ச்சிவசப்பட்டுவிட்டான் என்று விட்டிருப்பார்கள். நான் பாட்டுக்குப் பாட்டு தட்டினேன். பக்கத்து இருக்கைக்காரர் கீழே வைத்திருந்த தன் பையை மெதுவாக எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். அப்போது எனக்கு நாற்பதை நெருங்கும் வயது. மீசை இருந்தது. ஒலிப்பதிவுக் கூடம் ஒன்றில் மரியாதையான உத்தியோகமும் இருந்தது. இவற்றில் ஒன்றுகூட என்னைத் தடுக்கவில்லை.

இதை எழுதவைத்தவர்கள் இரண்டு இளைஞர்கள். ஓய்வு பெற்ற பிறகும் பழக்கதோஷத்தில் நான் எட்டிப்பார்க்கும் ஸ்டுடியோ ஒன்றில் வேலை செய்கிறார்கள். மேடையில் நடந்த ஒரு ராக் இசை நாடகத்தைப் படமாக எடுக்கிறார்களாம். நடிகர்கள் படப்பிடிப்பிலேயே நேராகப் பாடுகிறார்கள், காதுக்குள் கடுகளவு ஒன்று தாளம் சொல்கிறது, பிசகினால் கம்ப்யூட்டர் திருத்திவிடுகிறது. "நீங்கல்லாம் அந்தக் காலத்துல எப்படி சார் பண்ணீங்க?" என்று கேட்டார்கள். அந்தக் காலம் என்று அவர்கள் சொன்னது தொண்ணூறுகளை. ஓலைச்சுவடியில் ஒலிப்பதிவு செய்தவனைப் பார்ப்பதுபோல் பார்த்தார்கள். சரி, சொல்கிறேன்.

என் பயிற்சிக்காலத்தைச் சுருக்கமாகவே சொல்லிவிடலாம்: கேபிள் சுற்றினேன். முறுக்கு விழாமல் கேபிள் சுற்றுவது எப்படி என்று தெரிந்த பிறகு மைக்கைத் தொடவிட்டார்கள். மைக்கைக் கீழே போடாமல் சில வருடம் ஓட்டிய பிறகு, தலைமை ஒலிப்பதிவாளர் நஞ்சுண்டையா சாருக்கு உதவியாளனாக உட்காரவைத்தார்கள். மற்றதையெல்லாம் அவரிடம் திட்டு வாங்கிக் கற்றுக்கொண்டேன். திட்டு என்றால் சத்தம் அல்ல. அவர் தொழிலே சத்தம் என்பதால், சொந்த உபயோகத்துக்கு அதைத் தொடமாட்டார். மிட்டாய்க் கடைக்காரர் இனிப்பு தின்னாததுபோல.

நஞ்சுண்டையா சார் மைசூர்ப் பக்கத்துக்காரர். என்னிடம் கன்னடத்தில்தான் பேசுவார், நான் தமிழில் பதில் சொல்வேன், இருவரும் எதிராளியின் மொழி தெரியாததுபோல் இருபது வருடம் நன்றாகப் பழகினோம். ஒலிப்பதிவுக் கூடத்துக்குள் நுழைபவர்களை வாசலிலேயே நிறுத்திப் பரிசோதிப்பார். வளையல் கழற்ற வேண்டும். சட்டைப்பையில் சில்லறை கூடாது. கஞ்சி போட்ட வேட்டி கூடாது, உட்காரும்போது மொரமொரக்கும். பசியோடு வரக்கூடாது, மைக் வயிற்றையும் கேட்கும். பெரிய பாடகர் ஒருவரை, நீங்கள் மூச்சுவிடுவது தாளத்தில் இல்லை என்று சொல்லித் திருப்பியனுப்பியவர். அவருடைய உச்சபட்சப் பாராட்டு "பரவாகில்லா." இதை வாங்கியவர்கள் வீட்டுக்குப் போய்ப் பாயசம் வைத்தார்கள்.

எல்லாவற்றையும்விட முக்கியமான பழக்கம் ஒன்று. பாடும்போது அவர் பாடகருக்கு முதுகைக் காட்டி உட்காருவார். முகம் பார்த்தால் காது பொய் சொல்லும் என்பது அவர் கட்சி. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நின்று உயிரைவிட்டுப் பாடுகிறவருக்குத் தெரிவது ஒரு வழுக்கைத் தலையும் கட்டம்போட்ட ஸ்வெட்டரும்தான்.

ஞாயிற்றுக்கிழமைகளில் எனக்கு இன்னொரு வாழ்க்கை இருந்தது. கன்னட நகரத்துக்குள் தமிழர்கள் நெருக்கியடித்து வாழும் ஜீவனஹள்ளியில் தயாளன் மாஸ்டர் என்று ஒருவர். பகலில் தொழிற்சாலையில் ஃபிட்டர், மற்ற நேரமெல்லாம் நாடகம். ஊரெல்லாம் ராக் பாண்டுகள் முளைத்திருந்த சமயம் அது. எம்.ஜி. ரோடு பக்கம் ஆங்கிலத்தில் கத்தினால் கலை, நம்ம ஏரியாவில் தமிழில் கத்தினால் மட்டும் கலாட்டாவா என்று கேட்டு, எலெக்ட்ரிக் கிதாரும் ட்ரம்ஸும் வைத்து அவர் ஒரு தமிழ் ராக் நாடகம் போட்டார். பெயர் 'ரெண்டாவது சங்கு.' மில்லில் முதல் சங்கு எச்சரிக்கை, இரண்டாவது சங்குக்குக் கேட்டை மூடிவிடுவார்கள். ஒருநாள் தாமதமாக வந்த ஒரு பெண், மூடிய கேட்டுக்கு வெளியே நின்று பாட ஆரம்பிக்கிறாள். அவ்வளவுதான் கதை. கேட்டு கடைசிவரை திறப்பதில்லை. சங்கு ஊதுவது கிதார்.

அந்தப் பெண்ணாக நடித்துப் பாடியவள் மல்லிகா. ஹெப்பகோடிப் பக்கம் ஒரு கார்மெண்ட் கம்பெனியில் செக்கிங் பிரிவில் வேலை. தையல் மிஷின்களுக்கு மேலே பேசிப் பேசி வந்த குரல். மைக் இல்லாவிட்டாலும் அல்சூர் ஏரியின் மறுகரைக்குக் கேட்கும். மேடையில் அவள் ஒரு நாள் பாடியதுபோல் மறுநாள் பாடமாட்டாள். ஜனம் சிரித்தால் இழுப்பாள், பின்வரிசையில் யாராவது குரல் விட்டால் ராகத்திலேயே பதில் சொல்வாள். "கேட்டத் திற!" என்று அடித்துவிட்டு நிறுத்துவாள். பாண்டும் நிற்கும். கைதட்டல் வரும். அது அடங்கிய பிறகுதான் அடுத்த அடி.

அந்தக் கைதட்டல் தானாக வராது. உலகத்தில் எந்தக் கைதட்டலும் தானாக வருவதில்லை. யாராவது ஒருவன் வெட்கத்தை விட்டு ஆரம்பிக்க வேண்டும். தயாளன் குழுவில் அந்த வேலை சவுண்டு பார்ப்பவனுக்கு. அரங்கின் கடைசியில் மிக்ஸர் முன்னால் நின்றுகொண்டு, இடது கையால் ட்ரம்ஸைக் குறைத்துவிட்டு முதல் தட்டு தட்ட வேண்டும். அதை நான் பயபக்தியோடு செய்துவந்தேன். நான் தட்டினால் அரங்கமே தட்டியது. நாளடைவில், அவர்கள் தட்டுவது என்னால்தான் என்ற எண்ணம் எனக்கு வந்துவிட்டது. பிற்காலத்து விபரீதங்களுக்கெல்லாம் வேர் இங்கேதான்.

அல்சூரில் தமிழ்ச் சங்கத்துப் பக்கத்து மண்டபத்தில் நாடகம் மூன்றாம் முறையாக நடந்தபோது, பந்தலும் நாற்காலியும் வாடகைக்கு விட்டிருந்த ஆறுமுகம் அண்ணன் கடைசிவரை உட்கார்ந்து பார்த்தார். அவர் வாழ்நாளில் முதல்முறையாகத் தன் நாற்காலிகள் எல்லாவற்றிலும் ஆள் இருப்பதைப் பார்த்திருக்கிறார். உணர்ச்சிவசப்பட்டு, "மாஸ்டர், இத்த படமா எடுத்துடலாம்" என்றார். போஸ்டரில் கன்னடத்தைப் பெரிதாகவும் தமிழைச் சிறிதாகவும் போடலாம் என்பதுவரை அங்கேயே முடிவு செய்தார். தமிழ் போர்டுகள்மேல் கல் விழுந்துகொண்டிருந்த அந்த வருடங்களில் அது விவேகம். பாட்டுப்பதிவு எங்கள் ஸ்டுடியோவில் என்று நான் வாயைக் கொடுத்தேன்.

சினிமாவில் பாட்டு எப்படி வேலை செய்கிறது என்பதை இளைஞர்களுக்காகச் சொல்லவேண்டும். முதலில் ஸ்டுடியோவில் பாட்டைப் பதிவு செய்துவிடுவோம். படப்பிடிப்பில் அந்த டேப்பை ஸ்பீக்கரில் ஓடவிடுவோம். நடிப்பவர் அதற்கு வாயசைப்பார். பாடியது ஒருவர், வாயசைப்பது இன்னொருவர் என்பதுதான் வழக்கம். மல்லிகா தன் குரலுக்குத் தானே வாயசைக்கப் போகிறாள், இதைவிடச் சுலபம் எது என்று நினைத்தோம்.

பதிவு நாளன்று அவள் வளையலைக் கழற்றி வாசலில் கொடுத்துவிட்டு உள்ளே போனாள். ட்ரம்ஸுக்கு நஞ்சுண்டையா சார் கம்பளி போர்த்தியிருந்தார், ஜுரம் வந்த குழந்தைக்குப் போர்த்துவதுபோல. ஃபேனை நிறுத்தினோம். சிவப்பு விளக்கு எரிந்தது. மல்லிகா பாடினாள். சுருதி இருந்தது, தாளம் இருந்தது, மல்லிகாவை மட்டும் காணோம்.

"மேடைல புலி மாதிரி இருந்துச்சு. இங்க ஆஸ்பத்திரில டோக்கன் கேக்கற மாதிரி பாடுதே" என்றார் ஆறுமுகம்.

நான் உள்ளே போனேன். அவள் கண்ணாடியையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"சவுண்டு அண்ணா, அந்தப் பெரியவரு ஏன் முதுகக் காட்டிக்கினு உக்காந்துக்கினு கீறாரு? நான் பாடறது புடிக்கலியா?"

"அவரு அப்படித்தாம்மா. எல்லாருக்கும் முதுகுதான்."

"கம்பெனில சூப்பர்வைசர் திரும்பிக்கினா, பீஸ் ரிஜெக்ட்டுன்னு அர்த்தம்ணா."

அன்று முழுக்க எத்தனை முறை பாடியும் ரிஜெக்ட்தான். சாயங்காலம் ஆறுமுகம் தீர்ப்புச் சொன்னார். "சனிக்கெழமை இன்னொரு தபா பாக்கலாம். ஆவலன்னா மெட்ராஸ்லேர்ந்து ஒரு பொண்ணக் கூட்டியாந்து பாட வெச்சிடறேன். மல்லிகா மூஞ்சி இருக்கட்டும். மூஞ்சிக்கு இன்னா கொறச்சல்?"

அவர் பாராட்டாகத்தான் சொன்னார். மல்லிகா வளையலை மாட்டிக்கொண்டே என்னிடம் சொன்னாள்: "என் மூஞ்ச யாருணா பாக்கறாங்க? நாள்பூரா குனிஞ்சிக்கினு பொத்தான் பாக்கறேன். என்னுதுன்னு இருக்கறது இந்தத் தொண்டதான். அதயும் மெட்ராஸ்காரிக்குக் குடுத்துட்டு நான் வாய மட்டும் ஆட்டணுமா? நக்கோ."

நக்கோ என்றால் வேண்டவே வேண்டாம். எங்கள் பக்கம் அதற்கு மேல் அப்பீல் கிடையாது.

பஸ் ஸ்டாப் வரை கூடவே போனேன். மேடையில் பாடும்போது எங்கே பார்ப்பாய் என்று கேட்டேன். அவள் கொஞ்சமும் யோசிக்கவில்லை. "உன்னத்தான். பின்னாடி நீ நிக்கற, மொதத் தட்டு அங்கேர்ந்து வரும்னு தெரியும். அதான் தைரியமா நிறுத்தறேன்."

சனிக்கிழமை நான் அவளோடு ஒலிப்பதிவுக் கூடத்துக்குள் நுழைந்தேன். நஞ்சுண்டையா சார் தடுத்தார். வாத்தியக்காரர்களைத் தவிர உள்ளே யாரும் கூடாது என்பது அவர் சட்டம்.

"நீனு யாவ வாத்ய நுடிஸ்தீயா?" நீ என்ன வாத்தியம் வாசிக்கிறாய் என்று கேட்கிறார்.

"டவல், சார்" என்றேன்.

இரண்டு கையிலும் துருக்கி டவலைச் சுற்றியிருந்தேன். சத்தம் வராமல் கைதட்டுவது என் திட்டம். விளக்கிச் சொன்னதும் அவர் சிரிக்கவில்லை. இதிலும் ஒரு ஒலிப்பதிவுப் பிரச்சினை இருப்பதை உடனே கண்டுகொண்டார். என்னை மைக் முன்னால் நிறுத்தித் தட்டச்சொல்லி, ஹெட்ஃபோனில் கேட்டார். "இன்னொந்து" என்றார். கைக்கு இன்னொரு டவல் வந்தது. கடிகாரம் கழன்றது. கடைசியில் குத்துச்சண்டைக்காரன் கல்யாணத்துக்கு வந்ததுபோல, மல்லிகாவுக்கு எதிரே ஒரு ஸ்டூலில் உட்கார்ந்தேன்.

அவள் என் கைகளைப் பார்த்தாள், சிரித்தாள், பாடினாள். அந்த முதல் "கேட்டத் திற!"வுக்குக் கண்ணாடி அதிர்ந்தது. நிறுத்தினாள். நான் தட்டினேன். சத்தமில்லாத கைதட்டலுக்கும் அவள் முகம் மலர்ந்தது. என் வாழ்க்கையில் முதன்முறையாக நஞ்சுண்டையா சார் நாற்காலியைத் திருப்பிப் பாடகரைப் பார்த்தார். என் டவல் அவிழ்கிறதா என்று பார்க்கத்தான் திரும்பினேன் என்று பிறகு சொன்னார்.

"பரவாகில்லா" என்று எல்லாப் பாட்டுக்கும் வாங்கினோம். அன்றைக்கே நின்றிருக்கவேண்டும்.

டேப்பைத் திரும்பப் போட்டுக் கேட்டபோதுதான் பள்ளங்கள் தெரிந்தன. ஒவ்வொரு "கேட்டத் திற!"வுக்குப் பிறகும் ஒரு நீண்ட வெறுமை. நான் தட்டி முடிக்கும்வரை அவள் காத்திருந்தாள். நானோ மெய்மறந்து தட்டியிருந்தேன். பாட்டின் நடுவே இருந்த பள்ளத்தின் நீளம், என் உற்சாகத்தின் நீளம்.

"இது ஏனப்பா?" என்றார் நஞ்சுண்டையா சார். இது என்ன என்று கேட்கிறார்.

"கைதட்டலுக்கு விட்ட இடம், சார்."

"யாரு சப்பாளெ ஹொடிதாரெ?" யார் கைதட்டப் போகிறார்கள்?

"ஜனங்க, சார்."

அவர் காலியான அறையைச் சுற்றி ஒருமுறை பார்த்தார். பிறகு மேஜை இழுப்பறையிலிருந்து பிளேடை எடுத்தார். டேப்பைச் சாய்வாக வெட்டி, வெறுமையை எடுத்துவிட்டு, இரு முனைகளையும் ஒட்டு நாடாவால் சேர்த்தார். ஒட்டிய இடம் யாருக்கும் தெரியாது. பாட்டு இப்போது மூச்சுவிடாமல் ஓடியது. சினிமாவுக்கு இதுதான் சரி என்று எல்லோரும் ஒப்புக்கொண்டோம்.

மல்லிகாவின் உடம்பு மட்டும் ஒப்புக்கொள்ளவில்லை. படப்பிடிப்பு ஆறுமுகம் அண்ணனின் குடோன் முன்னால். பந்தல் கம்பிகளை வைத்தே பிரமாதமாக ஒரு மில் கேட்டை நிறுத்தியிருந்தார். டேப் ஓடியது. "கேட்டத் திற!" என்று வாயசைத்தாள், வழக்கம்போல நிறுத்தினாள். ஸ்பீக்கரில் அவள் குரல் நிற்காமல் அடுத்த அடிக்குப் போய்விட்டது. அவள் வாயை மூடி, மார்பு ஏறி இறங்க, கம்பீரமாக நிற்கிறாள். அவள் குரல் அவளைவிட்டு ரயில் மாதிரி போய்க்கொண்டிருக்கிறது. ஏறப் பார்த்தாள், அதற்குள் அதற்கடுத்த அடி வந்துவிட்டது.

திரும்ப எடுத்தோம். மறுபடி நின்றாள். தயாளன் மாஸ்டர் கேமராவுக்குப் பக்கத்தில் நின்று "நிக்காதே! நிக்காதே!" என்று கையை ஆட்ட, அவள் அதைப் பார்த்துக்கொண்டே நின்றாள்.

"தெரியுது மாஸ்டர். மனசுக்குத் தெரியுது, ஒடம்பு நின்னுடுது" என்றாள். அழுகை வந்துவிட்டது.

ஆறுமுகம் என்னைத் தனியே கூப்பிட்டார். "ஃபிலிம் ஓடற சத்தம் கேட்டா எனக்கு நெஞ்ச அடைக்குதுப்பா. பேஜாரு. நாளைக்கும் இப்படின்னா, பாடறதுக்கு மட்டுமில்ல, நடிக்கறதுக்கும் வேற ஆளு பாத்துடறேன். மல்லிகா பாவந்தான். நானும் பாவந்தானே?"

நியாயம்தான். மல்லிகாவின் குரலைக் காப்பாற்றுகிறேன் என்று டவலைக் கட்டிக்கொண்டு போய், முகத்தையும் சேர்த்துப் பறிகொடுக்க வைத்திருந்தேன். அந்தப் பள்ளங்களைத் தோண்டியவன் நான். அவளுக்கு அவை வேண்டியிருந்தன. ஆனால் அவை வெட்டி எறியப்பட்டுவிட்டன.

ஸ்டுடியோவுக்கு ஓடினேன். வெற்று டேப்பை வெட்டி இடைவெளிகளில் ஒட்டிக்கொடுங்கள் சார் என்றேன். நஞ்சுண்டையா சார் என்னைப் பரிதாபமாகப் பார்த்தார்.

"அதரல்லி உசிரில்ல" என்றார். அதில் உயிர் இல்லையாம்.

அலமாரியைத் திறந்தார். கதவின் உட்பக்கத்தில், வெட்டியெடுத்த டேப் துண்டுகள் துவைத்த ரிப்பன்கள்போல வரிசையாகத் தொங்கின. ஒரு நொடி மௌனத்தைக்கூட அவர் குப்பையில் போட்டதில்லை என்பது அன்றுதான் எனக்குத் தெரிந்தது. ஒரு துண்டை மிஷினில் போட்டு ஒலியை ஏற்றினார். வெறும் டேப் என்றால் செத்த சத்தம். இதிலோ மல்லிகாவின் மூச்சு இரைந்தது. கம்பளிக்குள் ட்ரம்ஸின் தோல் அடங்கிக்கொண்டிருந்தது. எல்லாவற்றுக்கும் பின்னால் மெல்லிசாக ஒன்று: தொப், தொப், தொப்.

"நின்ன டவல்" என்றார். "எரடு சாலலில்ல." அது என் டவல் சத்தமாம், இரண்டு போதவில்லையாம். மனிதர் முதல் நாளிலிருந்தே அதைக் கேட்டுக்கொண்டு, சொல்லாமல் இருந்திருக்கிறார்.

துண்டுகளை ஒவ்வொன்றாக அதனதன் இடத்தில் திரும்ப ஒட்டினார். மறுநாள் குடோன் வாசலில் டேப் ஓடியது. மல்லிகா நின்றபோது பாட்டும் நின்றது. கேமராவுக்குப் பின்னால் நான் நின்று, வெறுங்கையைக் காற்றில் தட்டாமல் தட்டினேன். அவள் கிளம்பியபோது குரலும் கிளம்பியது. உதடும் ஒலியும் ஒரு மயிரிழை பிசகவில்லை. ஆறுமுகம் அண்ணன் தன் நெஞ்சைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார்.

ஆனால் படம் முழுக்கப் பள்ளங்கள். ரிலீஸுக்கு முன்னால் போட்டுப் பார்த்தபோது அவர் கவலைப்பட்டார். "திடீர்னு சத்தம் நின்னா, ஆபரேட்டர் தூங்கிட்டான்னு ஜனம் கத்தப்போவுது."

"ஜனம் தட்டும். அல்சூர்ல தட்டலியா?" என்றார் தயாளன் மாஸ்டர். சொல்லிவிட்டு என்னைப் பார்த்தார். ஆறுமுகமும் என்னைப் பார்த்தார். பழைய உத்தியோகம் எனக்குத் திரும்பக் கிடைத்தது.

அப்படித்தான் முதல் நாள் மேட்னி காட்சிக்குக் கடைசி வரிசையில் போய் உட்கார்ந்தேன். கம்பெனிக்கு லீவு போட்டுவிட்டு மல்லிகா நடு வரிசையில் அவள் அம்மாவோடு இருந்தாள். நஞ்சுண்டையா சார் வரவில்லை. தியேட்டர் ஸ்பீக்கர்களை அவர் மதிப்பதில்லை.

முதல் பள்ளம் வந்தது. தட்டினேன். நான் மட்டும். இரண்டாவதற்கு, முன் வரிசையிலிருந்து "யாருய்யா அது?" என்று ஒரு குரல். மூன்றாவதற்கு டார்ச் வைத்திருந்த ஆள் வந்து என் முகத்தில் வெளிச்சம் அடித்து, "ஏன் சார், ப்ராப்ளமா?" என்று அக்கறையாக விசாரித்தார். திரையிலிருப்பவளுக்குக் கைதட்டினால் அவளுக்குக் கேட்காது என்ற உண்மையை இத்தனை வருடம் சினிமாவில் இருந்தும் நான் கவனிக்கவில்லை.

கடைசிப் பாட்டு. என் கைகளைத் தொடைக்கு அடியில் வைத்து அதன்மேல் உட்கார்ந்துகொண்டேன்.

"கேட்டத் திற!"

நின்றது. திரையில் மூடிய கேட்டு. அவள் அதைப் பார்த்துக்கொண்டு நிற்கிறாள். மேடையில் இந்த இடத்தில் ஆரவாரம் எழும், ஆகவே கேட்டு திறக்காதது யாருக்கும் உறைக்காது. இப்போது உறைத்தது. எனக்கு முன்னால் கடலை கொறித்துக்கொண்டிருந்தவர் நிறுத்தினார். யாரும் கத்தவில்லை. அவள் மூச்சு கேட்டது. அதற்கும் அடியில், தெரிந்தவனுக்கு மட்டும் கேட்கும்படி, தொப், தொப், தொப். பிறகு அவள் குரல் வந்தது. பக்கத்து இருக்கைக்காரர் மடியிலிருந்த பையைக் கீழே வைத்தார்.

படம் அந்த வாரத்தைத் தாண்டவில்லை. ஆறுமுகம் அண்ணன் நாற்காலிகளுக்குத் திரும்பினார், மல்லிகா பொத்தான்களுக்கு. ஆனாலும் கம்பெனி பஸ்ஸில் அவளை இன்றுவரை அந்தப் பாட்டைப் பாடச்சொல்லிக் கேட்கிறார்களாம், நடுவில் நிறுத்தினால் யாரும் தட்டுவதில்லையாம், அடுத்த அடி வரும்வரை சும்மா இருக்கிறார்களாம்.

அன்று காட்சி முடிந்து வெளியே வந்தபோது மல்லிகாவைச் சுற்றிக் கூட்டம். என்னைப் பார்த்ததும் சிரித்துக்கொண்டே அழுதாள். "என் தொண்டதாண்ணா! என் வாயிலேர்ந்தே வந்துச்சு, பாத்தியா?" என்றாள். ஏதாவது உருப்படியாகச் சொல்லலாம் என்று வாயெடுப்பதற்குள், அவள் அம்மா என் கையைப் பிடித்து உள்ளங்கையைத் திருப்பிப் பார்த்தார்.

"பின்வரிசைல கொசு ஜாஸ்தியாப்பா? அடிச்சிக்கினே இருந்தியே. கடைசிப் பாட்டுலதான் நிம்மதியா கேக்க வுட்ட."